1994-இல் ஒரு வீடு: சின்ன பட்ஜெட் படத்துக்கு ஆர்ட் வேலை செய்யும் முறை

கதை 1994-இல் நடக்கிறது. ஒரு சிறு நகரத்துத் தையல்காரரின் வீடு: திண்ணை, கூடம், ஒரு படுக்கையறை, சமையலறை, பின்கட்டு. படப்பிடிப்பு 20 நாள், அதில் 12 நாள் இந்த வீட்டுக்குள். செட் போடப் பணமில்லை. கிடைத்திருப்பது புது பெயின்ட், டைல்ஸ் தரை, மாடுலர் சுவிட்ச் எல்லாம் இருக்கிற ஒரு வீடு. ஆர்ட் டீம் நான்கு பேர்: கலை இயக்குநர், ஒரு அசிஸ்டென்ட், ஒரு பெயின்டர், ஒரு தச்சர். சுயாதீனப் படங்களில் பெரும்பாலும் இந்த அளவுக்குத்தான் ஆளும் பொருளும் இருக்கும். இதை வைத்து வேலையை முடிப்பது எப்படி என்று, வேலை நடக்கும் வரிசையிலேயே சொல்கிறோம்.

எல்லா முடிவுக்கும் அடியில் ஒரே கணக்குதான்: கேமரா பார்க்காத சுவருக்கு ஒரு ரூபாய்கூடப் போகக் கூடாது; நடிகரின் கை தொடும் பொருளில் ஒரு ரூபாயைக்கூட மிச்சம் பிடிக்கக் கூடாது.

ஸ்கிரிப்டிலிருந்து பட்டியல்

ஸ்கிரிப்டை முதல் தடவை கையில் பேனா இல்லாமல் படியுங்கள். இரண்டாவது தடவை மூன்று நிறப் பேனா. நடிகர் கையில் எடுப்பதற்குச் சிவப்பு. உடைவது, கிழிவது, எரிவது, சாப்பிடப்படுவது எல்லாவற்றுக்கும் பச்சை. சும்மா அறையில் இருப்பதற்கு நீலம். பிறகு ஒரு தாளில் கட்டம் போட்டு, சீன் எண், இடம், பகலா இரவா, பொருள்கள் என்று எழுதுங்கள். இதோடு ‘கதை நாள்’ என்று ஒரு கட்டம் கட்டாயம் வேண்டும். சீன் 4, சீன் 19 இரண்டும் ஒரே நாளில் ஷூட் ஆகலாம். கதையில் அவற்றுக்கு நடுவே மூன்று வாரம் போயிருக்கும். சுவரில் தொங்கும் தினசரி காலண்டர் தாளே அதைக் காட்டிக் கொடுத்துவிடும்.

காலண்டர் பேச்சு வந்ததால் ஒரு வசதி. 1994-இன் தேதியும் கிழமையும் 2005, 2011, 2022 ஆகிய ஆண்டுகளோடு அப்படியே பொருந்தும். பழைய 2022 காலண்டர் அட்டை கிடைத்தால், ஆண்டு எண்ணை மட்டும் மறைத்து வைட் ஷாட்டில் தாராளமாகத் தொங்கவிடலாம். திதியும் நட்சத்திரமும் மாறும், அதனால் க்ளோஸ்-அப்புக்கு மட்டும் அந்தந்த கதை நாளின் தாளைச் சரியாகத் தயார் செய்து அச்சடியுங்கள்.

பச்சையில் குறித்தவற்றுக்குப் பெருக்கல் கணக்கு. ஒரு இட்லித் தட்டு சீன், மூன்று கோணம், கோணத்துக்கு 5 டேக் என்றால் 15 தட்டு. தட்டுக்கு 4 இட்லி வீதம் 60 இட்லி. அதே சட்னி, அதே அளவு. சட்னியை ஊற்றியே வைத்தால் பத்து நிமிடத்தில் தண்ணீர் பிரிந்து ஓரத்தில் வழியும், ஆகவே டேக்குக்கு முன்புதான் ஊற்ற வேண்டும். கிழிக்கப்படும் கடிதம் என்றால் குறைந்தது 8 பிரதி, எல்லாவற்றிலும் மடிப்பு ஒரே இடத்தில்.

டேப்பும் லென்ஸும்

வீடு உறுதியானதும் அளவெடுங்கள். ஒரு நீள டேப், கிராஃப் தாள், திசைகாட்டி போதும். கால் அங்குலத்துக்கு ஒரு அடி என்ற அளவில் தரைப்படம் வரையுங்கள். கதவு எந்தப் பக்கம் திறக்கிறது, ஜன்னல் தரையிலிருந்து எத்தனை அடி உயரத்தில் இருக்கிறது, பிளக் பாயின்ட் எங்கே, எந்த ஜன்னலில் எத்தனை மணிக்கு வெயில் விழுகிறது என்பதெல்லாம் அந்தப் படத்திலேயே வர வேண்டும்.

அடுத்து ஒளிப்பதிவாளரோடு உட்கார்ந்து, எந்தெந்த லென்ஸ் என்று கேளுங்கள். சினிமா கேமராக்களில் பரவலாக இருக்கும் சூப்பர் 35 அளவுச் சென்சாரின் (படம் பதியும் தகட்டின்) அகலம் ஏறக்குறைய 25 மி.மீ. ஆகவே 25 மி.மீ. லென்ஸ், சுவரிலிருந்து எத்தனை அடி தள்ளி நிற்கிறதோ அத்தனை அடி அகலச் சுவரைப் பார்க்கும். 50 மி.மீ. அதில் பாதி. 35 மி.மீ. பத்தில் ஏழு பங்கு. 12 அடி நீள அறையில் கேமராவுக்கும் அதை இயக்குபவருக்கும் 3 அடி போனால், சுவருக்கு 9 அடி தூரம் இருக்கும். 35 மி.மீ. லென்ஸில் தெரிவது சுமார் 6¼ அடி அகலம். 1.85 ஃப்ரேம் (அகலம் உயரத்தைப் போல 1.85 மடங்கு) என்றால் உயரம் சுமார் 3 அடி 5 அங்குலம். கேமரா நேர்மட்டத்தில் இருக்கும்வரை சீலிங் ஷாட்டுக்குள் வரவே வராது. நடிகர் நகர்ந்தால் கேமராவும் திரும்பும் என்பதால் இருபக்கமும் 2 அடி கூட்டிக்கொள்ளுங்கள்.

இப்படி ஒவ்வொரு சீனுக்கும் தரைப்படத்தில் கோடு போட்டுப் பார்த்தால், மொத்த வீட்டுச் சுவரில் மூன்றில் ஒரு பங்குதான் படத்தில் வரும் என்று தெரியவரலாம். அந்த ஒரு பங்கைத்தான் நீங்கள் 1994 ஆக்க வேண்டும். இந்தக் கோட்டை டைரக்டரும் ஒளிப்பதிவாளரும் பார்த்து ஒப்புக்கொள்ள வேண்டும். ஷூட்டிங் அன்று காலையில் “எதிர்ப்பக்கம் ஒரு ஷாட் வைப்போம்” என்று கிளம்பினால் நாலு பேர் டீம் தாங்காது.

சுவர்

முகத்துக்குப் பின்னால் எப்போதும் இருப்பது சுவர்தான், ஆகவே பணத்தில் பெரிய பங்கு இதற்குப் போகட்டும். வெள்ளைச் சுவர் வேண்டாம். மாநிறமோ கறுப்போ ஆன முகத்துக்கு எக்ஸ்போஷர் வைத்தால் வெள்ளைச் சுவர் வெளுத்து எரியும். சுவருக்கு வைத்தால் முகம் இருண்டுவிடும். 90-களின் வீடுகளில் இருந்த நீலம் கலந்த சுண்ணாம்பு, டிஸ்டெம்பர் ரோஸ், வெளிர்பச்சை எல்லாமே இதற்கு நல்லவை. 3 அடிக்கு 3 அடி பிளைவுட் துண்டுகளில் நான்கு நிறம் அடித்து, நடிகரை முன்னால் நிற்க வைத்து, படத்துக்கு வரப்போகும் கேமராவிலேயே டெஸ்ட் எடுங்கள். ஃபோனில் பார்த்து நிறம் முடிவு செய்தால் ஏமாந்துபோவீர்கள்.

இங்கே பலர் செய்யும் தவறு, ஏற்கெனவே எமல்ஷன் அடித்த சுவரின் மேல் நேரே சுண்ணாம்பு பூசுவது. அது பிடிக்காது, காய்ந்ததும் பொடியாக உதிர்ந்து நடிகரின் சட்டையில் ஒட்டும். அப்படிப்பட்ட சுவருக்கு மினுமினுப்பு இல்லாத மேட் எமல்ஷனைத் தண்ணீர் கூட்டிக் கலந்து, கடைசிப் பூச்சை பிரஷுக்குப் பதில் ஸ்பாஞ்சால் ஒற்றி எடுங்கள். சுண்ணாம்புச் சுவரின் திட்டுத்திட்டான தோற்றம் வந்துவிடும். இரண்டு சுவர், 180 சதுர அடி என்றால் இரண்டு பூச்சுக்குச் சுமார் 3 லிட்டர் ஆகும். 4 லிட்டராக வாங்குங்கள். ஷூட்டிங் நடுவே உரசல் சரிசெய்ய அந்த ஒரு லிட்டர் கட்டாயம் தேவைப்படும். பின்னால் போய் வேறு டப்பா வாங்கினால் நிறம் நூலிழை மாறும், கேமரா அதைப் பிடித்துவிடும்.

வீட்டுக்காரர் சுவரைத் தொட விடவில்லை என்றால் ஃப்ளாட்தான் வழி, அதாவது சுவருக்கு முன்னால் நிறுத்தும் போலிச் சுவர்ப் பலகை. 8-க்கு 4 பிளைவுட், 4 மி.மீ. கனம், பின்னால் ரீப்பர் சட்டம். இரண்டு ஃப்ளாட் சேரும் இடத்தில் மெல்லிய துணிப் பட்டையைப் பசை போட்டு ஒட்டி, காய்ந்த பின் பெயின்ட் அடிக்க வேண்டும். இல்லையென்றால் பக்கவாட்டு வெளிச்சம் விழுந்ததும் அந்தக் கோடு கத்தி கிழித்ததுபோலத் தெரியும்.

பழசாக்கும் வேலையைக் கடைசியில் செய்யுங்கள், அதுவும் மேஜை நாற்காலி எல்லாம் இடத்தில் வைத்த பிறகு. அழுக்குக்குக் காரணம் இருக்கும். அந்தக் காரணம் பொருளும் ஆளும் இருக்கும் இடம்தான். சுவிட்ச் போர்டைச் சுற்றிக் கைபட்ட கறுப்பு. நாற்காலி முதுகு உரசிய கோடு. தரையில் உட்கார்ந்து சுவரில் சாய்கிற பாட்டியின் எண்ணெய்த் தலை பட்ட வட்டம், அது தரையிலிருந்து இரண்டரை, மூன்று அடி உயரத்தில் இருக்கும். சாமி மாடத்துக்கு மேலே விளக்குப் புகை. முன்பு படம் மாட்டியிருந்த இடத்தில் சுற்றுச்சுவரைவிட வெளுப்பான ஒரு சதுரம். எண்ணெய்க் கறைக்கு நிஜ எண்ணெய் தடவாதீர்கள். அது பரவிக்கொண்டே போகும், பிறகு எந்தப் பெயின்ட்டும் அதன் மேல் நிற்காது. அரக்குப் பழுப்பு நிறத்தை மேட் வார்னிஷில் துளி கலந்து துணியால் ஒற்றினால் போதும். மழை ஒழுகிய கறைக்கு, பால் சேர்க்காத டீ டிகாக்ஷனை மேலிருந்து ஸ்ப்ரே செய்து, காயவிட்டு, மூன்று நான்கு தடவை திரும்பச் செய்யுங்கள். ஓரம் தானாக இருண்டு வரும். சுவர் முழுக்க ஒரே சீராக அழுக்கு பூசினால் அது அழுக்காகத் தெரியாது, பெயின்ட்டாகத்தான் தெரியும்.

தரை, சுவிட்ச், விளக்கு

பளபளக்கும் டைல்ஸ் தரைதான் 90-களின் வீட்டுக்கு முதல் எதிரி. முதலில் அதை ஃப்ரேமுக்கு வெளியே வைக்க முடியுமா என்று பாருங்கள். பாதி ஷாட்டுகளுக்குக் கோரைப்பாயும் ஜமுக்காளமும் போதும். தரை தெரிந்தே ஆக வேண்டிய இடத்துக்கு மேட் வினைல் ஷீட் விரித்து, அதன் மேல் சிவப்பு ஆக்சைடு நிறமும் ஓரத்தில் கறுப்புப் பட்டையும் அடிக்கலாம். மெல்லிய பிளைவுட் போட்டால் நடக்கும்போது டொக் டொக் என்று பொந்தோசை வரும். லைவ் சவுண்டில் எடுக்கும் படம் என்றால் சவுண்ட் ரெக்கார்டிஸ்ட் அதை ஒருநாளும் விடமாட்டார், விடவும் கூடாது.

மாடுலர் சுவிட்சைக் கழற்ற வேண்டாம். மரப்பெட்டி ஒன்று செய்து, அதில் கறுப்பு பேக்கலைட் சுவிட்சுகள் இரண்டைப் பொருத்தி, பழைய போர்டின் மேல் மூடியாக மாட்டுங்கள். அதிலிருந்து சீலிங் வரை மரப்பட்டையும் அதன் மேல் கிளிப் அடித்த வயரும் ஓட வேண்டும். இதில் கரண்ட் இருக்கக் கூடாது. நடிகர் போடும்போது எலக்ட்ரீஷியன் வெளியிலிருந்து லைட்டை எரிய விடுவார். பல்பு, பழைய 60 வாட் குண்டு பல்பாக இருக்கட்டும். இழை போட்ட எல்.இ.டி. பல்பு எரியும்போது அழகாக இருந்தாலும் 1994-இல் அது கிடையாது. டியூப் லைட், பழைய டி.வி. இரண்டும் 50 ஹெர்ட்ஸ் கரண்ட்டோடு ஓடுபவை. விநாடிக்கு 24 ஃப்ரேமில் எடுத்தால் ஒளிப்பதிவாளரிடம் ஷட்டரை (கேமரா ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் வெளிச்சத்தை உள்ளே விடும் திறப்பை) 172.8 டிகிரி வைக்கச் சொல்லுங்கள். டியூப் துடிப்பு நின்றுவிடும். டி.வி. திரையில் மெல்லிய கோடு ஒன்று அப்போதும் ஏறி இறங்கலாம். 25 ஃப்ரேமில் எடுத்தால் அது நகராமல் ஒரே இடத்தில் நிற்கும். திரையைக் காட்டாமல், பார்ப்பவரின் முகத்தில் நீல வெளிச்சம் மட்டும் ஆடவிடுவது எல்லாவற்றிலும் சுலபம். ஒளிபரப்பு உரிமை வாங்கும் செலவும் மிச்சம்.

வெளிச்சம் எங்கிருந்து வர வேண்டும் என்பதை ஆர்ட் டீம்தான் முதலில் தீர்மானிக்கிறது, ஏனென்றால் ஜன்னலும் முற்றமும் நம் கையில் இருக்கின்றன. 1956-இல் வந்த சத்யஜித் ராயின் ‘அபராஜிதோ’வில் காசி வீட்டு முற்றத்தைக் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா ஸ்டுடியோவுக்குள் கட்டினார். ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா முற்றத்தின் மேல் துணி கட்டி, லைட்டை அதில் அடித்துத் திருப்பி விழவைத்து, திறந்த வானத்திலிருந்து இறங்கும் வெளிச்சத்தைக் கொண்டுவந்தார். முற்றம் இருக்கிற பழைய வீடு கிடைத்தால் இதையே செய்யலாம். மேலே வெள்ளைக் காடாத் துணி ஒன்று கட்டிவிட்டால் உச்சி வெயில் பரவி இறங்கும். பகல் முழுக்க ஒரே மாதிரி வெளிச்சத்தில் எடுக்கலாம்.

பொருள்கள்

வடபழனி, சாலிகிராமம் பக்கம் ப்ராப்பர்ட்டி கோடவுன்களில் (படப்பிடிப்புச் சாமான் கிடங்குகளில்) நாற்காலி, பீரோ, கட்டில் வாடகைக்குக் கிடைக்கும். தேக்குச் சாமான், பழைய கதவு, கண்ணாடிச் சட்டம் போன்றவற்றுக்குக் காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெரு. சின்னச் சின்னதுக்குக் காயலான் கடையும் தெரிந்தவர்கள் வீட்டுப் பரணும். வண்டியில் ஏற்றும் முன் ஒவ்வொரு பொருளையும், ஏற்கெனவே இருக்கும் கீறலோடு, போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். திருப்பிக் கொடுக்கும்போது வரும் சண்டையில் பாதி இதில் தீர்ந்துவிடும்.

1994-இல் நடக்கும் கதையில் எல்லாமே 1994-இல் வாங்கியதாக இருக்கக் கூடாது. ஒரு குடும்பத்தில் இருபது வருடத்துச் சாமான் இருக்கும். டி.வி. போன வருடம் வந்தது. பீரோ கல்யாணத்துக்கு வந்தது. குத்துவிளக்கு மாமியாருடையது. இந்த அடுக்கு தெரிந்தால்தான் வீடு வீடாக இருக்கும். கிராமபோன், லாந்தர், பித்தளை அண்டா என்று பழசாகத் தெரிவதையெல்லாம் கொண்டுவந்து குவித்தால் அது அருங்காட்சியகமாகிவிடும்.

எவர்சில்வர் பாத்திரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த வீடுகளில் டம்ளரின் விளிம்புக்குக் கீழே புள்ளி புள்ளியாகப் பெயர் வெட்டியிருக்கும்: யார் அன்பளிப்பு, எந்தத் தேதி. பாத்திரக் கடையில் இன்றும் பெயர் வெட்டிக் கொடுப்பார்கள். கதாநாயகியின் பெயருக்குக் கீழே ‘12.6.83’ என்று வெட்டி வாங்குங்கள். அந்த டம்ளரை நடிகை கையில் வாங்கும்போது விரல் தானாக அந்தப் புள்ளிகளைத் தடவும். பார்வையாளர் படிக்காவிட்டாலும் பரவாயில்லை. புது எவர்சில்வரின் கண்ணாடிப் பளபளப்பை மட்டும் சாம்பலும் தேங்காய் நாரும் போட்டு அரைமணி நேரம் தேய்த்து எடுத்துவிடுங்கள். இல்லையென்றால் கேமராவும் லைட்டும் அதில் தெரியும்.

கண்ணாடி போட்ட சாமி படங்களுக்கும் இதே தொல்லை. கண்ணாடியைக் கழற்றிவிடுங்கள், அல்லது சட்டத்தின் மேல் ஓரத்துக்குப் பின்னால் மடித்த அட்டையைச் செருகிப் படத்தை முன்னுக்குச் சாய்த்து வையுங்கள். பீரோவையும் கட்டிலையும் சுவரை ஒட்டிப் போடாமல் ஒரு அடி தள்ளிப் போடுங்கள். இடையில் விழும் நிழலில்தான் அந்த அறைக்கு ஆழம் வரும்.

எழுத்தும் அச்சும்

பீரியட் படத்தில் அதிகம் மாட்டிக்கொள்வது எழுத்தில்தான். ணை, லை, னை, றா போன்றவற்றின் பழைய வடிவத்தை மாற்றிய தமிழக அரசின் ஆணை 1978-இல் வந்தது. ஆகவே 1994-இல் அச்சில் புது வடிவம், அதற்கு முன் எழுதிய கடைப் பலகையில் பழைய வடிவம், இரண்டும் தெருவில் இருக்கும். தலைநகரின் பெயர் ஆங்கில எழுத்தில் மெட்ராஸ். அது அதிகாரப்பூர்வமாகச் சென்னை ஆனது 1996-இல். ரூபாய்க்குக் குறியீடு வந்தது 2010-இல், அதனால் விலைச் சீட்டில் ‘ரூ.’ மட்டும். காந்தி வரிசை நோட்டுகள் 1996-இல்தான் வந்தன. அதற்கு முன் 10, 50, 100 ரூபாய்களில் அசோகத் தூண். நோட்டை அச்சடித்து வைக்கலாம் என்று நினைக்கவே வேண்டாம், நோட்டுபோலத் தோன்றுவதை அச்சடிப்பதே குற்றம். சேகரிப்பவர்களிடம் நிஜ நோட்டு நாலைந்து வாங்கி மேலே வைத்து, அடியில் வெறும் வெட்டுத்தாள் வையுங்கள். தெருவில் ஸ்கூட்டர் நின்றால் நம்பர் பலகை கறுப்பு, எழுத்து வெள்ளை. 1989-க்கு முன் பதிவான வண்டி என்றால் எண்ணுக்கு முன் மூன்று ஆங்கில எழுத்து மட்டும்.

கடைப் பெயர், மளிகைப் பொட்டல லேபிள், நகைக்கடை காலண்டர் எல்லாவற்றையும் சொந்தமாக வரையுங்கள். உரிமைப் பிரச்சினை இருக்காது. பலகைக்குக் கம்ப்யூட்டர் எழுத்து வேண்டவே வேண்டாம், கையால் எழுதும் ஓவியர்களைத் தேடிப் பிடியுங்கள். தாள்களில் கறுப்புக்குப் பதிலாக அடர்பழுப்பு மையில் அச்சடித்து, நீர்த்த டீயில் ஒரு முறை முக்கி, பத்திரிகைத் தாள் நடுவே வைத்துக் காயவிடுங்கள்.

படப்பிடிப்பு நாளில்

ஆர்ட் டீம் மற்றவர்களுக்கு இரண்டு மணி நேரம் முன்னால் லொகேஷனில் இருக்க வேண்டும். ஒருவர் எப்போதும் மானிட்டர் பக்கத்தில், மற்றவர்கள் அடுத்த அறையைத் தயார் செய்தபடி. மானிட்டர் பக்கம் நிற்பவரின் பையில் இவை இருக்கட்டும்: டபுள் சைடு டேப், கறுப்புத் துணி டேப், நைலான் நரம்பு, துணி கிளிப், ஸ்க்ரூடிரைவர், கத்தரி, பிரஷ் இரண்டு, டீ டிகாக்ஷன் பாட்டில், முல்தானி மிட்டிப் பொடி, கிளிசரின், சுவரின் பெயின்ட் ஒரு சின்ன டப்பா. முல்தானி மிட்டி தூசிக்கு. கிளிசரினைத் தண்ணீரில் பாதிக்குப் பாதி கலந்து தெளித்தால் மண்பானையின் வெளிப்பக்கத்து நீர்த்துளி லைட் சூட்டிலும் காயாமல் நிற்கும்.

ஒவ்வொரு ஷாட் முடிந்ததும் கேமரா நின்ற இடத்திலிருந்து ஒரு போட்டோ, மேஜையின் மேல்பக்கத்துக்குத் தனியாக ஒரு போட்டோ. சீன் எண்ணும் ஷாட் எண்ணும் போட்டுச் சேமியுங்கள். டம்ளரில் காபி எந்த மட்டம், ஊதுபத்தி எவ்வளவு எரிந்திருக்கிறது, விளக்கில் எண்ணெய் எவ்வளவு என்று பார்த்தே அடுத்த ஷாட்டுக்கு வையுங்கள். சுவர்க் கடிகாரத்தில் பேட்டரியைக் கழற்றி, கதை நேரத்துக்கு முள்ளைத் திருப்பி விடுங்கள். டிக் டிக் சத்தமும் நிற்கும். மல்லிகைப் பூ லைட் வெப்பத்தில் மூன்று மணி நேரத்துக்குள் மலர்ந்துவிடும். ஒரு நாள் சீனுக்கு இரண்டு தடவையாக, அரும்பாக இருக்கும்போதே வாங்கி, நனைத்த துணியில் சுற்றி ஐஸ் பெட்டியில் வையுங்கள். வாழையிலையும் அப்படியே.

பணத்தை இப்படிப் பிரித்தால் பெரும்பாலும் சரிவரும்: வாடகைப் பொருள்களுக்கு 30 சதவீதம், பெயின்ட்டுக்கும் மரவேலைக்கும் 25, கூலிக்கு 20, வண்டிக்கு 10, பூவுக்கும் சாப்பாட்டுப் பொருளுக்கும் 5. மீதி 10 சதவீதத்தைப் படப்பிடிப்பின் கடைசி வாரம் வரை தொடாதீர்கள்.

வீட்டைத் திருப்பிக் கொடுக்கும் வேலை முதல் நாளே தொடங்குகிறது. பெயின்ட் அடிக்கும் முன், மறைவான மூலையிலிருந்து பழைய சுவர்ப் பெயின்ட்டில் ஒரு சில்லைப் பெயர்த்து எடுத்துப் போய், கம்ப்யூட்டரில் நிறம் கலக்கும் கடையில் காட்டி அந்த நிறத்தின் எண்ணை வாங்கி வையுங்கள். எந்தச் சுவரில் எத்தனை ஆணி, எந்த அறை பூட்டி இருக்கும், சாவி யாரிடம் என்று எழுதி வீட்டுக்காரரிடம் கையெழுத்து வாங்குங்கள். கடைசி நாள் பேக்-அப் சொன்னதும் எல்லோரும் கிளம்பிவிடுவார்கள். ஆர்ட் டீமுக்கு மட்டும் இன்னும் இரண்டு நாள் கூலியும் சாப்பாடும் ஷெட்யூலில் போட்டிருக்க வேண்டும். ஆணி ஓட்டையைப் பட்டி வைத்து மூட, காய, இரண்டு பூச்சு அடிக்க அந்த இரண்டு நாள் சரியாக இருக்கும்.